குரலும் தாளும்

2015-ஆம் ஆண்டு டிசம்பர் முதல் நாள் இரவைத் தாம்பரம் வட்டாரத்து மக்கள் எளிதில் மறக்க மாட்டார்கள். மறுநாள் காலை எட்டரை மணியோடு முடிந்த 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் மட்டும் 49 சென்டிமீட்டர் மழை பதிவாயிற்று. அடையாறு கரைபுரண்டது. முடிச்சூரிலும் வரதராசபுரத்திலும் வீடுகளின் தரைத்தளங்கள் நீரில் மூழ்கின. எங்கள் பங்கின் கூடத்தில் சாதி சமய வேறுபாடின்றிப் பல குடும்பங்கள் அடைக்கலம் புகுந்திருந்தன. மின்சாரம் இல்லை. எப்போதேனும் ஒரு நொடி உயிர்பெற்ற கைப்பேசிகள் வதந்திகளையே கொண்டுவந்தன. முதலைப் பண்ணையிலிருந்து முதலைகள் தப்பி நீரோடு வருகின்றன என்றது ஒன்று. இதைவிடப் பெரிய மழை வருமென்று அமெரிக்க விண்வெளி ஆய்வு நிலையம் எச்சரித்துவிட்டது என்றது மற்றொன்று. இரண்டுமே பொய் என்பது பின்னர்த் தெளிவாயிற்று.

கூடத்தின் மூலையில் ரயில்வேயில் பணியாற்றி ஓய்வுபெற்ற முதியவர் ஒருவர் அமர்ந்திருந்தார். வீட்டிலிருந்து அவர் எடுத்துவந்தவை இரண்டே பொருள்கள்: ஓய்வூதியப் புத்தகம், பிளாஸ்டிக் பையில் சுற்றிய சிறு டிரான்சிஸ்டர். முதலைச் செய்தியை ஓர் இளைஞன் பதற்றத்தோடு அவரிடம் சொன்னபோது, "ரேடியோவிலே சொல்லட்டும் தம்பி, அப்புறம் பயப்படலாம்" என்றார். முதலை பற்றி வானொலியில் ஒன்றும் வரவில்லை. அவரும் பயப்படவில்லை.

அந்த மனிதரின் நம்பிக்கை எங்கிருந்து வந்தது? கண்ணால் காணாத ஒரு குரலை ஒரு தலைமுறை முழுவதும் இப்படி நம்பியது எப்படி? அந்த நம்பிக்கை எந்த அளவுக்குத் தகுதியானது? இவ்வினாக்களுக்கு விடை தேடும்போது, நம் வானொலியின் வரலாற்றையும் அதில் ஒலித்த ஒரு பெண்மணியின் வாழ்வையும் எண்ணிப் பார்க்காமல் இருக்க முடியாது.

வானில் வந்த ஒலி

சென்னையில் வானொலி அரசால் தொடங்கப்பட்டதன்று. சி. வி. கிருஷ்ணசாமிச் செட்டியாரும் அவருடைய நண்பர்களும் 1924-ஆம் ஆண்டு மே மாதம் சென்னை மாகாண வானொலிக் கழகத்தை அமைத்தனர். அதே ஆண்டு ஜூலை 31 அன்று ஒலிபரப்புத் தொடங்கியது. மூன்றே ஆண்டுகளில் பணமின்றி நின்றுபோயிற்று. கழகத்தின் ஒலிபரப்புக் கருவியைப் பெற்றுக்கொண்ட சென்னை மாநகராட்சி 1930 ஏப்ரல் முதல் நாளிலிருந்து அப்பணியைத் தொடர்ந்தது. 1938 ஜூன் 16 அன்று அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் எழும்பூரில் தன் பணியைத் தொடங்கிற்று. அடுத்த ஆண்டு திருச்சி நிலையம் வந்தது. 1954-இல் சென்னை நிலையம் கடற்கரைச் சாலையில் இன்றிருக்கும் கட்டடத்துக்குக் குடிபெயர்ந்தது.

வானொலிப் பெட்டி வைத்திருப்போர் ஆண்டுதோறும் அஞ்சலகத்தில் உரிமக் கட்டணம் செலுத்தவேண்டியிருந்த காலம் அது. எல்லா வீட்டிலும் பெட்டி இல்லை. நகரத்துப் பூங்காக்களிலும் சிற்றூர்களின் பஞ்சாயத்து அலுவலக வாசலிலும் ஒலிபெருக்கியின் கீழே மக்கள் கூடினர். எழுதப் படிக்கத் தெரிந்தவரும் தெரியாதவரும் ஒரே நேரத்தில், ஒரே சொற்களில், ஒரே செய்தியைக் கேட்டனர். செய்தித்தாளை ஒருவர் படித்துச் சொல்ல மற்றவர்கள் கேட்டிருந்த சமூகத்துக்கு இது ஒரு பெரிய சமத்துவம்.

விடுதலைப் பொழுதையும் இந்நாடு குரலின் வழியாகவே அறிந்தது. தில்லி வானொலியின் தமிழ்ப் பிரிவில் 1947 ஆகஸ்டு 15 அன்று நாடு விடுதலை பெற்ற செய்தியை வாசித்தவர், பின்னாளில் நாடக மேடையிலும் திரையிலும் புகழ்பெற்ற பூர்ணம் விஸ்வநாதன். ஆறு மாதம் கழியுமுன், 1948 ஜனவரி 31 அன்று, காந்தியடிகளின் இறுதி ஊர்வலத்தை மெல்வில் டி மெல்லோ ஏறத்தாழ ஏழு மணி நேரம் ஆங்கிலத்தில் நேர்முக வருணனை செய்தார். தில்லித் தெருக்களைக் கண்டிராத இலட்சக்கணக்கானோர் அந்தக் குரலைப் பற்றிக்கொண்டு அந்த ஊர்வலத்தில் நடந்தனர். இவ்வாறு மகிழ்ச்சியிலும் துயரத்திலும் நம் வீட்டுக்குள் வந்து நின்ற குரல், மெல்ல வீட்டு மனிதரின் குரலாகவே ஆகிவிட்டது.

தில்லியிலிருந்து ஒரு தமிழ்க்குரல்

"ஆகாசவாணி. செய்திகள் வாசிப்பது சரோஜ் நாராயணசாமி."

ஐம்பது வயதைக் கடந்த தமிழர் எவருக்கும் இத்தொடர் கண்ணால் படிக்கும்போதே காதில் ஒலிக்கும். சென்னையும் திருச்சியும் தம்மை 'வானொலி நிலையம்' என்று அழைத்துக்கொண்டன. தில்லிச் செய்தியோ 'ஆகாசவாணி' என்றே தொடங்கும். எனவே முதற்சொல்லைக் கேட்டதுமே இது தலைநகரிலிருந்து வரும் செய்தி என்று சிறுவர்க்கும் தெரியும். காலை 7.15-க்கு வரும் அந்தச் செய்தி புறநகர்வாசிகளுக்குக் கடிகாரமாகவும் இருந்தது. 1931-இலிருந்து மின்ரயில் ஓடும் கடற்கரை–தாம்பரம் தடத்தில், செய்தி முடிந்ததும் சாப்பாட்டுத் தூக்கோடு நிலையத்துக்கு விரைந்தவர்கள் எத்தனை பேர்!

என் சிறுவயது பல்லாவரத்தில் கழிந்தது. காலைத் திருப்பலியில் பீடச் சிறுவனாக இருந்துவிட்டுப் பால் வாங்கிக்கொண்டு வீடு திரும்பும் நேரம் ஏறக்குறைய அதுதான். தெருவின் ஒரு முனையில் தலைப்புச் செய்திகள் தொடங்கும். ஒரு வீட்டுச் சன்னலில் விட்ட வாக்கியத்தை அடுத்த வீட்டுத் திண்ணை எடுத்துக் கொடுக்கும். நான் எங்கும் நிற்காமல் நடந்தே முழுச் செய்தியையும் கேட்டுவிடுவேன். எல்லா நாளும் அவரே வாசித்ததில்லை. வேறு பலரும் முறைவைத்து வாசித்தனர். ஆயினும் தெருவில் எல்லாரும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டது அவரைத்தான். அவர் வாசித்த நாளில் என் தந்தை முகச்சவரத்தை நிறுத்திவிட்டுக் கேட்பார்.

தமிழ்நாடு முழுவதும் அறிந்த இக்குரலுக்கு உரியவர் தமிழ்நாட்டில் பிறந்தவரல்லர் என்பது வியப்புக்குரியது. அவர் பிறந்து வளர்ந்தது மும்பையில். குடும்பத்தின் பூர்வீகம் தஞ்சை. வீட்டில் பேசிய தமிழைக் கொண்டு, வேற்றுமொழி நகரத்தில் வளர்ந்து, இன்னொரு வேற்றுமொழி நகரத்தில் பணியாற்றிய ஒருவர், 'ழ'கரத்தை எப்படி ஒலிப்பது என்று தமிழ்நாட்டுப் பிள்ளைகளுக்குக் கற்பித்தார். அப்பணியில் அவர் ஏறத்தாழ 35 ஆண்டுகள் இருந்தார்.

அந்தப் பணி வெளியில் தோன்றுவதுபோல எளிதானதன்று. தில்லி நாடாளுமன்றத் தெருவிலுள்ள ஒலிபரப்பு மாளிகையின் பொதுச் செய்தி அறையில் செய்திகள் முதலில் ஆங்கிலத்தில் எழுதப்படும். அவற்றை ஒவ்வொரு மொழிப் பிரிவினரும் தத்தம் மொழியில் பெயர்த்து, பத்து நிமிடங்களுக்குள் அடங்குமாறு வாசிக்கவேண்டும். வாசிப்பவரே மொழிபெயர்ப்பாளருமாவார். கடைசி நிமிடத்தில் வரும் தாளையும் பதறாமல் வாங்கவேண்டும். வெளிநாட்டுப் பெயர்களைத் தடுமாறாமல் சொல்லவேண்டும். நேரடியாக ஒலிபரப்பாகும் செய்தியில் வாயிலிருந்து சென்ற சொல்லைத் திரும்பப் பெற இயலாது. இவை எல்லாவற்றுக்கும் மேலாக, துயரச் செய்தியில் அழுகையும் வெற்றிச் செய்தியில் ஆரவாரமும் குரலில் கலக்கக்கூடாது. 1971-இல் வங்கதேசப் போர் நடந்த நாள்களில் தமிழ்ப் பிரிவினர் வாசித்தது இந்தக் கட்டுப்பாட்டோடுதான்.

சரோஜ் நாராயணசாமி ஆவணப்படங்களுக்கும் குரல் கொடுத்தார். 1948-இல் தொடங்கப்பட்ட அரசுத் திரைப்படப் பிரிவின் செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன்னர்க் கட்டாயமாகக் காட்டப்பட்ட காலத்தை வாசகர்கள் நினைவுகூரலாம். அணை, ஆலை, வெள்ள நிவாரணம் என்று கருப்பு வெள்ளையில் காட்சிகள் ஓடும். காணாத ஒருவரின் குரல் அவற்றை விளக்கும். ஆவணப்பட விளக்கவுரைக்கும் வானொலிச் செய்திக்கும் ஒரு வேறுபாடு உண்டு. ஆவணப்படத்தில் குரல் சொல்வதற்குக் காட்சி சான்றாக நிற்கிறது. வானொலியிலோ குரலைத் தவிர வேறு சான்று இல்லை. குரல் உறுதியாக ஒலித்தால் செய்தியும் உறுதியானது என்று நாம் எண்ணிவிடுகிறோம்.

ஒலிபரப்புத் துறையில் அவர் ஆற்றிய பணிக்காகத் தமிழக அரசு 2009-இல் அவருக்குக் கலைமாமணி விருது வழங்கியது. 2022 ஆகஸ்டு 13 அன்று, நாடு தன் விடுதலையின் 75 ஆண்டு நிறைவைக் கொண்டாட இரண்டு நாள்கள் இருக்கையில், மும்பையில் தமது 87-ஆம் வயதில் அவர் காலமானார்.

தாள் வராத நாள்

இத்துடன் நிறுத்திவிட்டால் இது ஒரு புகழுரையாக முடிந்துவிடும். வரலாறு அதற்கு இடந்தரவில்லை.

அந்த 35 ஆண்டுகளும் அகில இந்திய வானொலி அரசின் ஒரு துறையாகவே இயங்கியது. 1975 ஜூன் 25 அன்று இரவு நெருக்கடி நிலை கொண்டுவரப்பட்டபோது, மறுநாள் காலை பிரதமர் இந்திரா காந்தி அதை நாட்டுக்கு அறிவித்தது வானொலியில்தான். 1977 மார்ச் 21 வரை நீடித்த அந்நாள்களில் செய்தித்தாள்கள் தணிக்கைக்கு உள்ளாயின. வானொலிக்கோ வெளியிலிருந்து தணிக்கையாளர் தேவைப்படவில்லை. எதிர்க்கட்சித் தலைவர்கள் சிறையில் இருந்தனர் என்பதைக் கேட்டறிய விரும்பியவர் வேறு அலைவரிசைகளைத் தேட நேர்ந்தது. அக்காலத்தில் மக்கள் தொடர்புச் சாதனங்கள் தவறாகப் பயன்படுத்தப்பட்டதைப் பற்றி அடுத்து வந்த அரசு 1977 ஆகஸ்டில் ஒரு வெள்ளை அறிக்கையே வெளியிட்டது. வானொலிக்குத் தன்னாட்சி வழங்கவேண்டுமென்று வர்கீஸ் குழு 1978-இல் பரிந்துரைத்தது.

பின்னர் 1984 அக்டோபர் 31 வந்தது. காலை ஒன்பது மணிக்குச் சற்றுப் பின்னர் இந்திரா காந்தி சுடப்பட்டார். அவர் இறந்த செய்தியை நம் வானொலி மாலை ஆறு மணிக்கே அறிவித்தது. அதற்கு முன்பே வெளிநாட்டு வானொலிகள் சொல்லிவிட்டன. அமைதி குலையக்கூடும் என்ற அச்சம் அத்தயக்கத்துக்குக் காரணமாக இருந்திருக்கலாம். ஆனால் அமைதி காக்கப்படவில்லை. அடுத்த சில நாள்களில் தில்லியில் மட்டும், அதிகாரபூர்வக் கணக்கின்படியே, 2,733 சீக்கியர்கள் கொல்லப்பட்டனர். குடிநீரில் நஞ்சு கலக்கப்பட்டுவிட்டது என்ற பொய் அந்நகரில் அப்போது வேகமாகப் பரவிற்று. அக்கொடுமைக்கு வானொலியின் மௌனமே காரணம் என்று சொல்ல நான் வரவில்லை. நம்பகமான குரல் பேச வேண்டிய வேளையில் பேசாதிருந்தால் அந்த இடத்தை வதந்தி பிடித்துக்கொள்ளும் என்பதை மட்டும் சொல்கிறேன்.

அந்நாளைப் பற்றி வெள்ளக் கூடத்தில் சந்தித்த அதே முதியவரிடம் பின்னொரு நாள் பேசிக்கொண்டிருந்தேன். பணிமனையில் சிற்றலை வானொலி வைத்திருந்த தோழர் ஒருவர் வழியாகத் தாம் செய்தியை முன்னரே அறிந்ததாகச் சொன்னார். "அப்படியிருந்தும் நம் வானொலியை எப்படி நம்புகிறீர்கள், ஐயா?" என்று கேட்டேன். அவர் சற்று நேரம் யோசித்தார். "வாசிக்கிறவங்க பொய் சொல்லலே, சாமி. தாள் அவங்க கைக்கு வரலே. அவ்வளவுதான்" என்றார்.

இந்த ஒரு வாக்கியம் என்னை நெடுநாள் சிந்திக்க வைத்தது. ஒவ்வொரு செய்தியிலும் வாசிப்பவரின் பெயர் சொல்லப்பட்டது. எழுதியவரின் பெயர் ஒருநாளும் சொல்லப்படவில்லை. எதை எழுதலாம், எதை எழுதலாகாது என்று தீர்மானித்தவரின் பெயரும் சொல்லப்படவில்லை. நமக்குத் தெரிந்தது குரல். நாம் நம்பியதும் குரலை. அந்தக் குரல் தன் கடமையில் தவறவில்லை. ஆனால் அதன் நேர்மையிலிருந்து எழுந்த நம்பிக்கையை, பெயரில்லாத வேறொரு கை தனக்காகச் செலவழித்தது. நல்ல மனிதர்களின் நாணயம் அவர்கள் அறியாமலேயே பிறருக்குக் கடனாகக் கொடுக்கப்படுகிறது. வானொலியில் மட்டுமன்று, எந்த நிறுவனத்திலும் இது நிகழலாம்.

குரலும் சொல்லும்

இதனால்தான், வானொலி யாருக்கு உரியது என்பது வெறும் நிருவாக வினாவன்று. 1941 மே 3 அன்று இலண்டனில் தொடங்கிய பிபிசி தமிழ் ஒலிபரப்புக்குத் 'தமிழோசை' என்று பெயரிட்டவர், இலங்கை வானொலியில் தமிழ் நிகழ்ச்சிகளை வளர்த்தவரும் 'ஒலிபரப்புக் கலை' என்னும் நூலை எழுதியவருமான சோ. சிவபாதசுந்தரம். 1983-க்குப் பின் ஈழத்தில் நடப்பதை அறியத் தமிழர்கள் பலர் இரவில் சிற்றலையைத் திருப்பியது அந்த ஓசைக்காகவே. 2017 ஏப்ரல் 30-உடன் அவ்வானொலிச் சேவை நிறைவுற்றது. நம் நாட்டில், வானலைகள் பொதுமக்களின் சொத்து என்று உச்ச நீதிமன்றம் 1995 பிப்ரவரியில் தீர்ப்பளித்தது. 1990-இல் சட்டமாகியும் ஏழாண்டுகள் உறங்கிய பிரசார் பாரதி 1997 நவம்பர் 23 அன்று உருப்பெற்றது. சரோஜ் நாராயணசாமியின் தலைமுறைக்கு அமைப்பளவில்கூட அந்தத் தன்னாட்சி வாய்க்கவில்லை.

யார் சொல்லக் கேட்டாலும் அதன் மெய்மையை ஆராய்ந்து காணச் சொன்னார் வள்ளுவர். நாம் கேட்பவரைக் குறித்தே இதைச் சொல்கிறோம். ஆனால் வாசிப்பவருக்கும் இது பொருந்தும். இதை நான் கற்றது நூலிலிருந்தன்று.

வெள்ளத்தின் அந்த இரண்டாம் இரவில், நனைந்த தாளொன்றை யாரோ என் கையில் திணித்தார்கள். அருகிலுள்ள ஏரியின் கரை உடைந்துவிட்டது, எல்லாரும் உடனே மேட்டுக்குச் செல்லவேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. நான் யாரையும் கேட்கவில்லை. விளக்கின் ஒளியில் நின்று, தெளிவாக, பதறாமல், ஆண்டாண்டுகளாகப் பலிபீடத்தருகே வாசித்துப் பழகிய குரலில் வாசித்தேன். மக்கள் நம்பினார்கள். கைக்குழந்தைகளோடு மழைக்குள் ஓடினார்கள். இருட்டில் வழுக்கி விழுந்த ஒரு மூதாட்டியின் மணிக்கட்டு முறிந்தது. கரை உடையவில்லை. தாளை எழுதியவர் யாரென்று இன்றுவரை தெரியாது.

முதியவர் மட்டும் இடத்தைவிட்டு எழவில்லை. விடியற்காலையில் நான் அவரருகே சென்று அமர்ந்தபோது, கடிந்துகொள்ளாமல் கேட்டார்: "வாசிச்சது நீங்க, சாமி. எழுதினது யாரு?"

என்னிடம் பதில் இல்லை. முதலைச் செய்தியை நம்பாதவர்கள் என் செய்தியை நம்பினார்கள். என் குரலுக்கு அவர்கள் அளித்திருந்த நம்பிக்கையை, பெயரறியாத ஒரு தாளுக்கு நான் கொடுத்துவிட்டேன்.

திருமுழுக்கு யோவானைக் குரல் என்றும் கிறிஸ்துவைச் சொல் என்றும் வேறுபடுத்திக் காட்டுகிறார் புனித அகுஸ்தீன். சொல்லைக் கேட்பவரின் உள்ளத்தில் சேர்த்துவிட்டுக் குரல் ஓய்ந்துவிடவேண்டும் என்பது அவர் கருத்து. தில்லியில் இருந்த அந்த அம்மையார் தம் மகிழ்வையும் துயரையும் கலக்காமல், தம்மை முன்னிறுத்தாமல் வாசித்தது அத்தகைய ஒரு துறவே. ஆனால் கொண்டுபோகும் சொல் மெய்யா என்று கேட்கும் கடமை குரலுக்கு உண்டு. அதைக் கேட்கும் உரிமையை ஒரு சமூகம் தன் வாசிப்பாளர்களுக்கு வழங்கவேண்டும். இன்று எவருடைய குரலையும் கணினி அச்சாகப் போலச் செய்துவிடுகிறது. பழகிய குரல் என்பது இனி ஒரு சான்றாகாது. ஆகவே அந்த வினா முன்னைவிட இப்போது அவசரமாகிறது.

அந்த முதியவர் இப்போது இல்லை. ஞாயிறுதோறும் திருப்பலி முடிவில் அறிவிப்புத் தாள்கள் என் கைக்கு வருகின்றன. நிதி கேட்டும், கூட்டம் குறித்தும், காணாமற்போனோர் பற்றியும், சில சமயம் யாரோ ஒருவர்மீது குறைகூறியும் வருகின்றன. ஒலிவாங்கியின் முன் செல்லுமுன் தாளைத் திருப்பிப் பார்க்கிறேன். பெயரில்லாவிட்டால் கொண்டுவந்தவரை அழைத்து, "எழுதினது யாரு?" என்று கேட்கிறேன். சிலர் இதனால் வருந்துகிறார்கள். வாசிக்காமல் விட்ட தாள்கள் சில என் மேசை இழுப்பறையில் இருக்கின்றன.